இரும்பு தேடி ஓடியவர்கள்

எனக்கு வலிப்பு வருவதைப் பார்க்காத ஒரே ஆள் நான்தான் என்று வெகுநாள் நினைத்திருந்தேன். வேறு யாருமே பார்த்ததில்லை என்பது எண்பதுகளின் தொடக்கத்தில் வேலூர் டாக்டர் கேட்ட பிறகுதான் தெரிந்தது.

அப்போது நான் ஆம்பூரில் ஒரு ஷூ கம்பெனியில் ஷூவின் மேல்பகுதித் தோலைத் தைத்துக்கொண்டிருந்தேன். இருபது வயது. மாதம் ஒருமுறையாவது மிஷினிலிருந்து சரிந்து விழுவேன். இரும்பைப் பிடித்தால் வலிப்பு நிற்கும் என்பது ஊர் நம்பிக்கை. எங்கள் கம்பெனியில் இரும்புக்கா பஞ்சம்? நான் சாய்ந்ததும் ஆளுக்கொரு பக்கம் ஓடுவார்கள். ஒருநாள் கண் விழித்தால் வலது கையில் சுத்தியல், இடது கையில் சூப்பர்வைசரின் சாவிக்கொத்து. சண்டைக்குப் போகிறவள் மாதிரி கிடந்தேன்.

சாவியைத் திரும்ப வாங்கிக்கொண்டே சூப்பர்வைசர், "இன்னொரு தடவ விழுந்தா மிஷின் கெடையாதும்மா. ஊசியில கை மாட்டினா யார் பதில் சொல்றது?" என்றார். மிஷினை விட்டால் வீட்டில் அடைந்து கிடக்க வேண்டியதுதான். பயத்தில் அம்மாவை இழுத்துக்கொண்டு வேலூர் போனேன்.

அங்கிருந்த பெண் டாக்டர், "மொதல்ல எந்தப் பக்கம் இழுக்குது?" என்று கேட்டார்.

"சாவி குடுத்தா சரியாயிடுதுங்க," என்றாள் அம்மா.

"சாவிக்கு முன்னாடி?"

அம்மா என் பக்கம் திரும்பினாள். எல்லாரும் சாவிக்கு ஓடிவிட்டால் யார் பார்ப்பது?

"அது தானாவே நிக்கும்மா. இரும்பு வேணாம். வாயில எதையும் வெக்காதீங்க. ஒருக்களிச்சுப் படுக்க வெச்சுட்டு, ஒருத்தராவது ஓடாம நின்னு பாருங்க. கடிகாரத்தையும் பாருங்க. அஞ்சு நிமிஷம் தாண்டினா தூக்கிட்டு வந்துடுங்க. இப்போதைக்கு ஒரு மாத்திரை தரேன். எங்க ஆரம்பிக்குதுன்னு தெரிஞ்சா சரியானதா மாத்திக் குடுக்கலாம்."

சிரிப்பதா அழுவதா தெரியவில்லை. விழுந்தால் வேலை போகும்; விழாவிட்டால் சரியான மருந்து பிடிபடாது. பக்கத்து மிஷின் அக்காவிடம் மட்டும் சொன்னேன். வீட்டில் உருது பேசுகிறவள், பேச்சு கம்மி, பார்வை கூர்மை. "நான் பாக்கறேன். நீ பேஜாராவாத," என்றாள்.

மூன்றாம் வாரம் விழுந்தேன். அக்கா ஓடவில்லை. மறுநாளே லீவு போட்டு என்னோடு பஸ் ஏறி வந்து, டாக்டர் முன்னால் சாட்சி சொல்வதுபோல் ஒப்பித்தாள். "மொதல்ல இவ இடது கட்டைவிரல் துடிச்சுது. அப்புறம் தலை இடது பக்கம் திரும்பிச்சு. அப்புறம்தான் சாஞ்சா. மொத்தம் ரெண்டு நிமிஷம்."

நான் நாற்காலியிலிருந்து எழுந்தே விட்டேன். கட்டைவிரல் துடிப்பது எனக்குத் தெரியுமே! தோலை இழுத்துப் பிடித்துத் தைப்பதால் வருகிறது என்று உதறிவிட்டுத் தைத்துக்கொண்டிருந்தேன். வெண்ணெயைக் கையில் வைத்துக்கொண்டு நெய்க்கு அலைந்திருக்கிறேன். என் வலிப்பு சொல்லிவிட்டுத்தான் வருகிறது! சந்தோஷம் தாங்காமல் ஆம்பூர் வரைக்கும் விரலையே பார்த்துக்கொண்டு வந்தேன்.

டாக்டர் மாத்திரையை மாற்றினார். சூப்பர்வைசரிடம் அக்காவே பேசினாள். "வெரலு துடிச்சா பெடல்லருந்து கால எடுத்துட்டு கீழ உக்காந்துக்குவா சார்." கூடவே டாக்டர் சொன்னதையெல்லாம் சொன்னாள். அவர் சாவிக்கொத்தை உருட்டிக்கொண்டே, "ஒரே ஒரு தடவ பாக்கலாம்," என்றார்.

நான்கு மாதம் விரல் சும்மா இருந்தது. பிறகு ஒரு பகலில் துடித்தது. பெடலிலிருந்து காலை எடுத்தேன். "அக்கா, வெரலு," என்று சொல்லித் தரையில் உட்கார்ந்தேன்.

கண் திறந்தபோது ஒருக்களித்துப் படுத்திருந்தேன். கையில் இரும்பு எதுவும் இல்லை. சுற்றிலும் பெண்கள் சண்டை போட்டுக்கொண்டிருந்தார்கள்.

"ரெண்டு நிமிஷம்டி."

"இன்னாடி ரெண்டு? ஒன்னரைதான். நான் நின்னு பாத்தேன்."

சூப்பர்வைசர் சுவர்க் கடிகாரத்திலிருந்து கண்ணை எடுக்காமல், "ஒன்னே முக்கா," என்றார். பிறகு என் பக்கம் திரும்பினார். "கொஞ்ச நேரம் படுத்துட்டு வாம்மா. மிஷின் அங்கயேதான் இருக்கும்."