சபைக்கு முதுகு காட்டாதவர்

போன வருடம் பொங்கல் முடிந்த கையோடு, மாமல்லபுரத்துக்குத் தெற்கே எங்கள் குப்பத்துக் கரையில் நடந்தது இது. நான் அங்கே மீன் பிடிக்கிறவன். அன்று விடிவதற்கு முன்பே சினிமாக்காரர்கள் வந்து இறங்கிவிட்டார்கள்.

நடிக்க வந்த பெரியவரை நீங்களும் பார்த்திருப்பீர்கள், பிள்ளைகளே. ஒரு படத்தில் ஏட்டு, ஒன்றில் டீக்கடைக்காரர், இன்னொன்றில் கல்யாணப் பெண்ணுக்கு அப்பா. முகம் தெரியும், பேர் தெரியாது. செங்கல்பட்டுப் பக்கத்துக் கிராமத்துக்காரர். சின்ன வயதில் திருவிழாக் கூத்து, அப்புறம் நாடகம், அதற்கும் அப்புறம்தான் சினிமா. கதையைத் தாங்குகிற வேடம் இப்போதுதான் கிடைத்திருக்கிறது என்று டீ குடிக்கும்போது என்னிடம் சொன்னார்.

கடலுக்குப் போய்த் திரும்பாத மகனுக்காகக் காத்திருக்கிற அப்பா வேடம். அன்று எடுத்தது படத்தின் கடைசிக் காட்சி. சூரியன் எழும் நேரத்தில் அவர் மணலில் நடந்து போய், தண்ணீர் ஓரம் இழுத்துப் போட்டிருக்கும் படகில் கை வைத்து, கடலைப் பார்த்து நிற்க வேண்டும். கேமரா தூரத்தில், பின்னால். முதுகு மட்டும்தான் தெரியும்.

அந்த முதுகுதான் அவருக்கு வரவில்லை. சபைக்கு முதுகு காட்டாதே என்று சொல்லிச் சொல்லி அவரைக் கூத்தில் வளர்த்திருக்கிறார்கள். நாலடி நடந்தால் போதும், உடம்பு தானாகக் கேமரா பக்கம் திரும்பிவிடும். மறுபடி எடுத்தார்கள், மறுபடியும் அதேதான். வேடிக்கை பார்த்த எங்கள் ஆட்களுக்குக் கேட்க வேண்டுமா?

"அண்ணாத்த, கடலு இங்க கீது, கேமரா அங்க கீது. ரெண்டையும் பாக்கணும்னா நண்டாட்டம்தான் நடக்கணும்" என்றான் என் மச்சான். கரையே சிரித்தது. பெரியவரும் சிரித்தார். ஆனால் வியர்த்திருந்தது.

வெயில் ஏறினால் காட்சி போச்சு. டைரக்டர் என்னைக் கூப்பிட்டார். என் உயரமும் உடல்வாகும் பெரியவரைப் போலவே இருந்ததாம். அவர் சட்டையைப் போட்டுக்கொண்டு நான் நடந்தால் போதும் என்றார். கூட்டத்தில் நின்ற என் மகள் அதற்குள் அப்பா நடிக்கப் போவதாக எல்லோரிடமும் சொல்ல ஆரம்பித்துவிட்டாள். எனக்கும் உள்ளுக்குள் ஆசைதான்.

பெரியவர் சட்டையைக் கழற்றவில்லை.

"மூஞ்சி தெரியாட்டியும் அந்த அப்பன் நான்தான் சார். ஒரே ஒரு தபா குடுங்க. வரலன்னா நானே கழட்டிக் குடுத்துடறேன்" என்றார். கெஞ்சவில்லை. டைரக்டர் வெயிலைப் பார்த்துவிட்டுத் தலையாட்டினார்.

பெரியவர் நேராக என்னிடம் வந்தார். "தம்பி, எனக்கு எதிர்ல ஒரு ஆளு வோணும். படகுக்கு அந்தாண்ட போயி குந்திக்க. நீதான் என் சபை."

நான் மகளைப் பார்த்தேன். பிறகு படகுக்கு அந்தப் பக்கம் போய், கேமராவுக்குத் தெரியாமல் ஈர மணலில் மண்டி போட்டேன். அலை வந்து முதுகில் அடித்தது.

அவர் வந்தார். இந்த முறை திரும்பவில்லை. படகின் விளிம்பில் கை வைத்து என்னைப் பார்த்தார். வசனம் எதுவும் இல்லை. உதடு மட்டும் ஏதோ கேட்க வந்து நின்றது. கண் என் முகத்தில் தன் மகனைத் தேடியது, கண்டுபிடித்தது, மறுபடி தொலைத்தது. கடலில் ஆளைத் தொலைத்த வீடுகள் எங்கள் குப்பத்திலும் உண்டு. அந்த வீட்டு அப்பாக்களின் முகத்தை நான் நேராகப் பார்த்ததே இல்லை. அன்று பார்த்தேன்.

டைரக்டர் ஓகே சொன்னது எனக்குக் காதில் விழவில்லை. பெரியவர் முகத்தைத் துடைத்துக்கொண்டு, "இன்னா தம்பி, தெரிஞ்சிதா?" என்றார். தலையாட்டினேன்.

"நீ கேமராவுல வரவே இல்லியேப்பா" என்று மகள் ரெண்டு நாள் பேசவில்லை.

படம் வந்ததும் செங்கல்பட்டுக்குப் போய்க் குடும்பத்தோடு பார்த்தோம். அந்தக் காட்சியில் முதுகு மட்டும்தான். ஆனாலும் தியேட்டரில் ஒரு சத்தம் இல்லை. மகள் என் கையைப் பிடித்துக்கொண்டாள்.

இப்போதெல்லாம் யாரும் பார்க்காத நேரத்தில் வலை தைக்க உட்காரும்போது பெரியவரின் அந்த முகம் எதிரில் வந்துவிடுகிறது. அரைகுறையாக முடிச்சுப் போட்டுவிட்டு எழுந்துபோக எனக்கு மனம் வருவதில்லை.