செத்தவர் சிரிக்கிற ஷாட்

என் சினிமா வாழ்க்கை மொத்தத்தையும் ஒட்டிப் போட்டால் பதினோரு நிமிஷம் வரும். அதில் நாலு நிமிஷம் என் முதுகு. காரைக்குடிப் பக்கம் பெரிய வீடுகளில் படம் எடுக்க வருகிறவர்கள் என்னைக் கூப்பிடுவார்கள். பஞ்சாயத்தில் மூன்றாவது ஆளாக நிற்பேன். இல்லையென்றால் ஓடி வந்து, "அய்யா, அவுக வந்துட்டாக" என்பேன். வசனத்தை எங்கள் ஊர்ப் பேச்சுக்கு மாற்றியும் கொடுப்பேன். சொந்தமாக ஆறு திரைக்கதை எழுதினேன். ஐந்தை முழுசாகப் படித்த ஒரே ஆள் அவற்றை டைப் அடித்தவர். அவரும் கருத்து எதுவும் சொல்லவில்லை.

ஆறாவது மட்டும் படமானது. மனைவியை இழந்த ஒருவர் சுவரில் மாட்டிய அவள் போட்டோவோடு பேசுகிற காட்சி அதில் உண்டு. அந்த வேஷத்தை டைரக்டர் எனக்கே கொடுத்துவிட்டார். கண்டரமாணிக்கத்தில் ஒரு வீட்டில் படப்பிடிப்பு. ஆர்ட் டிபார்ட்மெண்ட் கொண்டுவந்த போட்டோவைப் பார்த்த டைரக்டர், "நகைக்கடை விளம்பரம் மாதிரி இருக்கு. உங்க ஒய்ஃப் போட்டோ கொண்டு வாங்க சார்" என்றார்.

உயிரோடு இருக்கிறவள் படத்துக்கு மாலையா என்று கேட்க வாயைத் திறந்தேன். "சரி சார்" என்று வந்தது.

வீட்டில் மனைவியிடம் சுற்றி வளைத்துச் சொன்னேன். அவள் துணி மடித்துக்கொண்டிருந்தாள்.

"மாலை போட்டா போட்டுட்டுப் போறாக. கல்யாணத்தன்னைக்கு ஒண்ணு போட்டீக. அதுக்கப்புறம் ஒரு முழம் பூவுக்கே நான் ஞாபகப்படுத்தணும்."

"இல்ல, ஒரு மாதிரியா இருக்கு…"

"இருபது வருசமா 'அவுக வந்துட்டாக'ன்னு ஓடியாந்துட்டுத் திரியுறீக. ஒரு தடவையாச்சும் நாலு வரி சேந்தாப்ல பேசுங்க. நான் பாக்கணும்."

சினிமாவில் ஒரு வழக்கம் உண்டு. செத்தவராக நடித்தவரை, காட்சி முடிந்ததும் எழுப்பி உட்காரவைத்துச் சிரிக்கச் சொல்லி ஒரு ஷாட் எடுப்பார்கள். அதோடு தோஷம் போய்விட்டது என்று அர்த்தம். போட்டோவாக நடித்தவளுக்கும் அதைச் செய்ய வேண்டும் என்று டைரக்டரிடம் கேட்டேன். வரச் சொல்லுங்கள் என்றார்.

அவள் சிரிப்பு ஒரு தடவையாவது படமாகட்டும் என்று எனக்கு உள்ளூர ஆசைதான். போனைத் தூக்கினால் முகத்தை மறைத்துக்கொள்கிறவள் அவள். எங்கள் வீட்டு வீடியோக்கள் எல்லாவற்றிலும் ஓர் உள்ளங்கைதான் கதாநாயகி.

மறுநாள் அரக்குப் பட்டு கட்டி, பூ வைத்துக்கொண்டு வந்தாள். நான் அழுகிற காட்சி பத்தாவது டேக்கில் ஓகே ஆனது. பிறகு அவளைக் காமிரா முன்னால் நிறுத்தினார்கள். சிரிப்பு வரவில்லை. என்னைப் பார்த்து, "அந்த ஓடியாந்து சொல்லுவீகளே, அதச் சொல்லுங்க" என்றாள். நான் மூச்சிரைக்க, "அய்யா, அவுக வந்துட்டாக" என்றேன். தலையைப் பின்னால் சாய்த்துச் சிரித்தாள். கையை முகத்துக்குக் கொண்டுபோகவில்லை. லைட் பிடித்தவர்கள்கூடச் சிரித்தார்கள்.

நான் காமிராவைப் பார்த்தேன். ஓடும்போது எரிகிற சிவப்பு விளக்கு எரியவில்லை.

சிலர் இந்த மாதிரி ஷாட்டை எடுப்பதுபோல் பாவனைதான் செய்வார்கள், எனக்குத் தெரியும். "சார், ஓடலையே" என்று ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். மறுநாள் எனக்கு இரண்டு பக்க வசனம் இருந்தது. காமிராமேனைப் பகைத்தால் மறுபடி முதுகைத்தான் எடுப்பார் என்று சும்மா இருந்துவிட்டேன்.

"நல்லா வந்துச்சா?" என்று பஸ்ஸில் கேட்டாள்.

"பிரமாதம்" என்றேன். அன்று நான் நன்றாக நடித்தது அந்த ஒரு சொல்தான்.

எட்டு மாதம் கழித்து வயிற்றில் கட்டி என்றார்கள். மதுரைக்கும் காரைக்குடிக்குமாக அலைந்தோம். பொங்கலுக்குப் பத்து நாள் முன்னால் போய்விட்டாள். "உசுரோட இருக்கவ படத்துக்கு மாலை போட்டான்ல" என்று பந்தலில் யாரோ சொன்னது காதில் விழுந்தது. எனக்கு அதில் நம்பிக்கை இல்லை.

படம் அதற்கப்புறம்தான் வெளிவந்தது. என் காட்சி நீளம் என்று வெட்டியிருந்தார்கள். அது எனக்குப் பழக்கம்தான். எனக்கு வேண்டியது அந்தச் சிரிப்பு. வேஷத்துக்காக அன்று கண்ணாடியைக் கழற்றியிருந்தேனே, சிவப்பு விளக்கு என் கண்ணுக்குத் தெரியாமல் போயிருக்கும் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டு சென்னைக்கு ரயில் ஏறினேன்.

எடிட்டர் பொறுமையான ஆள். ஒரு மணி நேரம் தேடினார்.

"அன்னைக்கு எடுத்ததுல பத்து டேக் இருக்கு சார். அதோட முடியுது. கடைசி டேக்க வேணும்னா பாருங்க."

ஓடவிட்டார். மாலை போட்ட போட்டோவில் அவள். கீழே நான் அழுதுகொண்டிருந்தேன். கொஞ்சம் அதிகமாகவே. "கட்" என்று டைரக்டர் குரல். காமிராவை நிறுத்துவதற்குள், திரைக்கு வெளியே எங்கிருந்தோ ஆசையாக ஒரு குரல் கேட்டது.

"முடிஞ்சிருச்சா? அப்ப நான் வரவா?"

திரை கறுத்துவிட்டது.

எடிட்டர் என் பக்கம் திரும்பவில்லை. "இன்னொரு தடவை போடட்டா சார்?" என்றார்.

போடச் சொன்னேன். மறுபடியும் அழுதேன். மறுபடியும் கட். மறுபடியும் அவள் வரவா என்று கேட்டாள்.