கட்சிக்காரர் கதிர்காமநாதன்

ஜெர்மனியில், டோர்ட்மண்டை அடுத்த ஒரு சிறு நகரத்தில் கதிர்காமநாதன் பஸ் ஓட்டிக்கொண்டிருந்தார். எண்பத்தைந்தாம் ஆண்டில் யாழ்ப்பாணத்திலிருந்து அகதியாக வந்தவர். அங்கிருந்த தமிழர்களில் பலர் இடதுசாரிகள் பக்கம் நிற்க, இவர் மட்டும் பழமைவாதக் கட்சியில் போய்ச் சேர்ந்தார். குடும்பம், கடவுள், ஒழுங்கு என்று அவர்கள் பேசியது தன் ஐயா பேசியது போலவே இருந்தது என்பார். வருடக்கணக்காகத் துண்டுப்பிரசுரம் கொடுத்தார். தேர்தல் காலங்களில் மழையில் நின்று வாக்காளர்களுக்குத் தொத்திறைச்சி வாட்டினார், தான் சைவம் என்று ஒருவரிடமும் மூச்சு விடாமல். ஒருவழியாக நகரசபைக்குத் தெரிவானபோது கோயிலில் மாலை போட்டார்கள்.

மூன்றாம் வருடம் அவருடைய கட்சியே ஒரு பிரேரணை கொண்டுவந்தது. சனிக்கிழமைகளில் பள்ளிக்கூடக் கட்டடங்களைப் பூட்டிவிட வேண்டும், பார்த்துக்கொள்ள ஆளில்லை. அந்த வகுப்பறைகளில்தான் தொண்ணூறு பிள்ளைகள் தமிழ் படித்தார்கள்.

தமிழ் வகுப்பு ஆசிரியை லவினியா அவருக்குப் போன் எடுத்தாள். “அண்ணை, இது உங்கட கட்சிதானே? ஒரு சொல் சொல்லுங்கோவன்.”

“ஓம் பிள்ளை, கதைக்கிறன். பயப்பிடாதைங்கோ.”

கதைத்தார். திறப்பைத் தன்னிடம் தந்தால் வாராவாரம் தானே திறந்து பூட்டுவதாகக் கெஞ்சினார். கட்சித் தலைவர் அவர் கையைப் பிடித்துக்கொண்டு, “உங்கள் மனம் எனக்குப் புரிகிறது. காப்புறுதி விதி இடம் கொடுக்காது,” என்றார். கோபித்திருந்தால் சண்டை பிடித்திருக்கலாம். இந்த அன்புக்குக் கதிர்காமநாதன் நன்றி சொல்லிவிட்டு வந்தார்.

வாக்கெடுப்பில் தன் வரிசையில் அவர் ஒருவரே எதிர்த்துக் கை தூக்கினார். ஏழு வாக்கு வித்தியாசத்தில் பிரேரணை நிறைவேறியது. அவர் கை தூக்காமல் இருந்திருந்தாலும் அதுதான் நடந்திருக்கும். அடுத்த தேர்தல் பட்டியலில் அவர் பெயர் ஒருவரும் வெல்ல முடியாத அடியிடத்துக்கு இறங்கியது. கோயில் வாசலில், தமிழ் வகுப்புப் பிள்ளை ஒன்றின் தகப்பன் மகேந்திரராஜா, “நீங்கள் உள்ளுக்கை இருந்தும் என்ன பிரயோசனம், அண்ணை?” என்று கேட்டார். அதையேதான் அவரும் தன்னைக் கேட்டுக்கொண்டிருந்தார்.

கடைசிச் சனிக்கிழமை, வேலை முடிந்து சீருடையோடே பள்ளிக்கூடத்துக்குப் போனார். பெற்றோர்கள் வகுப்பறைகளைக் காலிசெய்து, புத்தகப் பெட்டிகளை வெளியே இறக்கிக்கொண்டிருந்தார்கள். ஒன்றின் மறுமுனையைப் பிடிக்கக் குனிந்தார்.

“விடுங்கோ அண்ணை, நாங்கள் தூக்குறம்,” என்றாள் லவினியா.

வேறு என்ன செய்வதென்று தெரியாமல், அவர்கள் போய்வர வசதியாகக் கதவைத் தள்ளிப் பிடித்துக்கொண்டு நின்றார்.