காசிம் மிர்சாவின் சொந்தக் குரல்

லாகூர்ச் சினிமாவில் வெட்டியும் சுட்டும் ஊரையே நடுங்கவைத்த காசிம் மிர்சாவுக்கு, பலெர்மோவில் காலையில் பல்செட் தேடிக் கொடுப்பது சூசைதாசனின் வேலை. சூசைதாசன் மன்னார்க்காரர், மனைவி சறோஜாவோடு ஒரேத்தோ ஆற்றுப் பக்கம் குடியிருக்கிறார். விடிந்ததும் பஸ் பிடித்து லிபெர்த்தா வீதியிலுள்ள மிர்சா வீட்டுக்குப் போய்விடுவார். மிர்சாவின் மகள் நாஹீத் பொலிதேயாமாவிலுள்ள தன் கந்தோருக்கு வேலைக்குப் புறப்பட்டால், பின்னேரம்வரை கிழவர் இவர் பொறுப்பு. குழந்தைப்பிள்ளை பார்க்கிற வேலை மாதிரித்தான், ஆனால் குழந்தைப்பிள்ளைக்கு இவ்வளவு வாய் இராது.

இரண்டு பேரும் உருதில்தான் கதைப்பார்கள். சூசைதாசன் இத்தாலிக்கு வருமுன் குவைத்தில் லொறி ஓட்டியவர். கூட ஓடிய பாகிஸ்தான்காரரிடம் பொறுக்கிய உருது அது. "நீ கதைக்கிறது பாஷை இல்லையடா, லொறி திருத்துற கராச்சுச் சத்தம்" என்று மிர்சா ஏசுவார். ஏசிவிட்டு அதே பாஷையில் மதியம்வரை கதைப்பார். வீட்டுக்குப் போய்ச் சறோஜாவிடம் சொல்லும்போது சூசைதாசன் எல்லாவற்றையும் தன் தமிழுக்கு மாற்றிவிடுவார். இங்கேயும் அப்படியே வரட்டும்.

மிர்சா ரயில்வேக் கந்தோரில் எழுதிக்கொண்டிருந்தவர். ஆறடிக்கு மேல் உயரம், பந்தம் மாதிரிக் கண், முறுக்கிய மீசை. இப்படி ஒருவனைக் கண்டால் சினிமாக்காரன் விடுவானா? கூட்டிக்கொண்டுபோய்க் கையில் அரிவாளைக் கொடுத்துவிட்டார்கள். ஆனால் வாய் திறந்ததும் படப்பிடிப்பில் நின்ற அத்தனை பேரும் சிரித்தார்கள். அந்தப் பெரிய உடம்புக்குள் இருந்து வந்தது கீச்சென்ற மெல்லிய குரல். தயாரிப்பாளர் தலையில் அடித்துக்கொண்டு, பஷீர் என்று ஒருவரைப் பிடித்துவந்து பின்னணிக் குரல் கொடுக்கவைத்தார். பஷீர் கட்டை ஆள், குரல் மட்டும் இடி. அதன்பிறகு மிர்சா நடித்த படமெல்லாம் பஷீரின் குரல்தான்.

ஆகவே மனுசன் ஒரு வசனமும் பாடமாக்கினதில்லை. காலையில் ஒரு படத்திலும் மாலையில் இன்னொரு படத்திலும் சாகிறவருக்குப் பாடமாக்க எங்கே நேரம்? கமராவுக்குப் பின்னால் ஒருவர் நின்று வசனத்தை எடுத்துக் கொடுப்பார், இவர் திருப்பிச் சொல்லுவார். அங்கே எழும்புகிற சத்தம் எப்படியும் பிறகு வீசப்படுகிற சத்தம்தானே.

பஷீர் மாரடைப்பில் செத்தார். வேறு ஆளைப் பிடித்துப் பார்த்தார்கள், சனம் "இது மிர்சா இல்லை" என்று கூவியது. ஆள் உயிரோடு திரையில் நிற்கிறார், ஆனால் அவர் அவரில்லையாம்! அதோடு வாய்ப்பு நின்றது. "பஷீரின்ரை செத்த வீட்டிலை நான் துக்கம் விசாரிக்கிறன்," என்று மிர்சா சொல்லுவார், "ஆர் கதைக்கிறதெண்டு எல்லாரும் சுத்திச் சுத்திப் பாக்கினம்." இதைச் சிரித்துக்கொண்டுதான் சொல்லுவார். சூசைதாசனுக்குச் சிரிப்பு வந்ததேயில்லை.

மிர்சாவின் மனைவி செத்தபின் மகள் அவரைப் பலெர்மோவுக்குக் கூட்டிவந்தாள். காலையில் கிழவரும் சூசைதாசனும் பூங்காவுக்குப் போவார்கள். அங்கே குடை விற்கிற பாகிஸ்தான்காரன் ஒருவன் மிர்சாவைக் கண்டால் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு துவக்குச் சூடு பட்டவன்போலப் புல்லில் விழுவான். அதுதான் அவன் வைக்கிற சலாம். மிர்சா விரலைத் துவக்காக்கி இன்னொரு வெடி வைப்பார். ஒருநாள் இந்தக் கூத்தைப் பார்த்துக்கொண்டிருந்த ஒரு இத்தாலியச் சிஞ்ஞோரா கிட்ட வந்தாள். லோரென்ஸா என்று பெயர், சினிமாப் படம் எடுப்பவள். கடலில் மகனைப் பறிகொடுத்த ஒரு பாகிஸ்தான் கிழவரின் பாத்திரத்துக்கு ஆள் தேடிக்கொண்டிருந்தாளாம். ஒரேயொரு காட்சி, இத்தாலியனில் மூன்று வரி: "மகனே, எங்கே நிற்கிறாய்? கடல் அடங்கிவிட்டது. வீட்டுக்கு வா."

மிர்சா ஒன்றே ஒன்றுதான் கேட்டார். "குரல் ஆர் குடுக்கிறது?"

சூசைதாசன் அதை இத்தாலியனில் கேட்டுச் சொன்னார். "நீங்கள்தானாம். அங்கை கதைக்கிற சத்தத்தையே படத்திலை விடுவினமாம்."

 வீட்டுப் படியேறும்போது கிழவர் சூசைதாசனின் தோளைப் பிடித்து நின்றார். "சாகிறதுக்கு முதல் ஒருக்கால் என்ரை குரல் படத்திலை கேக்கவேணுமடா. ஒருக்கால் போதும்."

"மருந்து குடிச்சதையே மறந்துபோறார், இவர் எப்பிடி வசனம் சொல்லப்போறார்?" என்றாள் நாஹீத். பிறகு தகப்பனின் முகத்தைப் பார்த்துவிட்டுச் சம்மதித்தாள்.

பயிற்சி குசினியில் நடந்தது. சூசைதாசன் வெங்காயம் உரித்தபடி வரியை எடுத்துக் கொடுப்பார், மிர்சா திருப்பிச் சொல்லுவார். கிழவர் சற்றுத் தாமதித்தால் போதும், இவர் அடுத்த வரியை நீட்டிவிடுவார். லாகூர் முறை அதுதானே! வரி சூசைதாசனின் நாக்கில் அப்படி ஊறிப்போனதில், ஞாயிறு பூசையில் குருவானவர் செபத்தை முடித்து ஒரு கணம் நிறுத்த, இவர் "ஃபிலியோ மீயோ", அதாவது "மகனே", என்று சத்தமாக எடுத்துக் கொடுத்தார். கோயில் முழுக்கத் திரும்பிப் பார்த்தது. சறோஜா முட்டாக்கை முகத்துக்கு இழுத்துக்கொண்டு, "உங்களுக்கென்ன விசரே?" என்று தொடையில் கிள்ளினாள்.

படப்பிடிப்பு ஒரேத்தோ ஆறு கடலில் விழுகிற இடத்துக்குக் கிட்டவுள்ள மீன்துறையில். பின்னேரச் சூரியன் இறங்குகிற நேரம். மிர்சா பழைய கோட்டோடு தண்ணீர் விளிம்பில் நின்றார். கமரா ஓடியது. "மகனே, எங்கே நிற்கிறாய்?" பிசகில்லாமல் வந்தது. பிறகு அவர் நிறுத்தினார். கடலைப் பார்த்தார். உதடு மெல்ல நடுங்கியது.

சூசைதாசனின் வாய் தானாகத் திறந்தது. "கடல் அடங்கிவிட்டது!" என்று கமராவுக்குப் பின்னால் நின்று கணீரென்று எடுத்துக் கொடுத்தார்.

எல்லாம் நின்றது. மிர்சா திரும்பினார். "மடையா! நான் மறக்கேல்லையடா! நடிச்சனான்!"

சூசைதாசனுக்கு நிலம் பிளந்தால் உள்ளே போய்விடலாம்போல இருந்தது. ஒலிப்பதிவுக்காரர் அவரைச் சாமான் ஏற்றிவந்த வானுக்குப் பின்னால் போய் நிற்கச் சொன்னார். வெளிச்சம் போகிறது, எடுத்தது போதும், குரலைப் பிறகு வேறு ஆளை வைத்துச் சேர்க்கலாம் என்று லோரென்ஸாவிடம் அவர் சொன்னது மிர்சாவுக்கும் விளங்கிவிட்டது. எந்தப் பாஷையிலும் அவருக்கு விளங்கக்கூடிய விசயம் அது. "நோ," என்றார். "ஒருக்கால். இன்னும் ஒருக்கால்."

லோரென்ஸா தலையாட்டினாள். ஒரே ஒரு தடவை.

வானுக்குப் பின்னால் சூசைதாசன் கைலேஞ்சித் துணியை வாய்க்குள் திணித்துக்கொண்டு நின்றார். கமரா ஓடுகிறது, சத்தமில்லை. முதல் வரியே வரவில்லை. எட்டிப் பார்த்தார். கிழவரின் முகம் வெறுமையாகக் கிடந்தது. கண் கமராவுக்குப் பின்னால் சூசைதாசன் நின்ற இடத்தைத் தேடியது. அங்கே ஆளில்லை. அப்போது அந்த மெல்லிய குரல் உடைந்து, உருதில் வந்தது.

"சூசை... சூசை, எங்கையடா நிக்கிறாய்? எனக்கு ஒண்டும் வருதில்லை. வாவனடா."

சூசைதாசன் லேஞ்சியைக் கடித்தார். ஓடிப்போகக் கால் உன்னியது, போனால் எல்லாம் நாசம். கண்ணீர் பொலபொலவென்று வழிந்தது.

லோரென்ஸா நிறுத்தச் சொன்னபோது அவளும் அழுதுகொண்டிருந்தாள். வந்து கிழவரைக் கட்டிப்பிடித்தாள். வசனத்தைத் தன் தாய்மொழியில் சொல்லிவிட்டார் என்றே அவள் நினைத்தாள். சூசைதாசன் திருத்தப் போகவில்லை.

"அது வசனமில்லையடா," என்றார் மிர்சா காருக்குள். "மேலை வேறை குரல் போட்டுடுவினம்." அன்றிலிருந்து பூங்காவில் குடைக்காரன் விழுந்தாலும் அவர் வெடி வைப்பதில்லை. படம் வருகிறவரை அப்படியேதான் இருந்தார்.

பொலிதேயாமாவுக்குக் கிட்டவுள்ள ஒரு தியேட்டரில் படம் போட்டார்கள். மிர்சாவுக்கு இந்தப் பக்கம் சூசைதாசனும் சறோஜாவும், அந்தப் பக்கம் நாஹீத். மீன்துறை வந்தது. கோட்டோடு கிழவர் வந்தார். மிர்சா சூசைதாசனின் கையை நெரித்துப் பிடித்துக்கொண்டார்.

குரல் வந்தது. மெல்லிய, உடைந்த, அவருடைய குரல்.  பின்வரிசையில் யாரோ மூக்கைச் சிந்தினார்கள்.

கீழே இத்தாலியன் எழுத்து ஓடியது. அந்த எழுத்தை வாசிக்கத் தெரியாத மிர்சா குனிந்து கேட்டார். "என்னடா எழுதியிருக்கு?"

சூசைதாசன் வாசித்தார். "மகனே, மகனே, எங்கே நிற்கிறாய்? எனக்கு ஒன்றும் வரவில்லை. வந்துவிடு." வாசித்துவிட்டு நாஹீதை நிமிர்ந்து பார்த்தார். உருதுப் பேச்சை எழுத்தாக்க லோரென்ஸா அவளிடம்தான் வந்திருந்தாள். "சூசை எண்டெல்லோ அவர் கூப்பிட்டவர்?" என்று மெதுவாகக் கேட்டார்.

"ஓம்," என்றாள் நாஹீத், திரையிலிருந்து கண்ணெடுக்காமல். "அதைத்தானே எழுதச் சொன்னனான்."

மிர்சாவுக்கு இவர்கள் கதைத்தது காதில் விழவில்லை. "என்ரை குரல்தானேடா?" என்றார்.

"உங்கடைதான், சாகிப்," என்றார் சூசைதாசன்.