பக்கவாட்டு ஜன்னலில் ஒரு தேநீர்

பயணத்தின் முதல் நாள் காலையில் எங்கள் வழிகாட்டி கெவின் என் கையில் ஒரு சின்ன மண்வெட்டியைக் கொடுத்தார். கூடவே ஒரு சுருள் காகிதம், ஒரு தீப்பெட்டி. "அந்தப் புதர்களுக்கு அப்பால் எங்கே வேண்டுமானாலும் போகலாம். குழி வெட்டு, காகிதத்தைக் கொளுத்து, மண்ணைத் தள்ளி மூடு" என்று சொல்லிவிட்டு, அரண்மனைச் சாவியை ஒப்படைத்தவர் போலச் சிரித்தார். சுற்றி நின்ற வெள்ளைக்காரர்கள் கைதட்டினார்கள். பெரியபாளையத்துக்கும் கும்மிடிப்பூண்டிக்கும் நடுவில் இருக்கும் எங்கள் காலனியில், விடியுமுன் கருவேலம் புதரைத் தேடி நடந்தே வளர்ந்தவள் நான். சுவரும் கதவும் தாழ்ப்பாளும் உள்ள ஒரு கழிவறைக்காகத்தான் கடல் தாண்டினேன் என்று யாராவது சொன்னால் பெரிதாக மறுக்க மாட்டேன். அப்படி வந்த நாட்டில், ஒரு வருடம் மிச்சம் பிடித்த விடுமுறையைக் கொடுத்து வாங்கியது இந்த மண்வெட்டி.

அடிலெய்டில் நான் வேலை பார்க்கும் ஆஸ்பத்திரியில் என்னோடு இருக்கும் நர்ஸ் மார்கரெட்தான் இதற்குக் காரணம். "நீ வார்டைத் தவிர இந்த நாட்டில் எதையும் பார்க்கவில்லை, சரோஜா. அவுட்பேக்கைப் பார்க்காதவள் ஆஸ்திரேலியாவைப் பார்க்காதவள்" என்றாள். அவுட்பேக் என்றால் நாட்டின் நடுவில் கிடக்கும் செம்மண் பொட்டல். அதற்குள் நான்கு சக்கரமும் சேர்ந்து இழுக்கிற நீளமான ஜீப் ஒன்றில் ஏழு பேரை ஏற்றிக்கொண்டு போவார்கள். வண்டியை ஓட்டுபவர், சமைப்பவர், வழி சொல்பவர் எல்லாம் கெவின் ஒருவரே. ஐந்து நாள் பயணம். தரையில் படுக்கை, அளந்து தருகிற தண்ணீர், சாம்பலில் சுட்ட ரொட்டி, கண்ணிலும் மூக்கிலும் குடித்தனம் நடத்தும் ஈக்கள். "சுவரே இல்லை பார், எவ்வளவு சுதந்திரம்!" என்று வழியனுப்ப வந்த மார்கரெட் கைகளை விரித்துக் கத்தினாள். எங்கள் வீட்டுக்கும் ஒரு பக்கம் சுவர் கிடையாது. ஒரு மழையில் விழுந்தது. மூன்று வருடம் கோணிச் சாக்குதான் தொங்கியது. அதை யாரும் சுதந்திரம் என்று சொல்லி நான் கேட்டதில்லை.

இருந்தும் அந்த வண்டியில் ஏறியதும் என் மனம் குதித்தது. எனக்கு முன் வரிசையில் சேலை கட்டிய ஒரு பெண் உட்கார்ந்திருந்தார். நெற்றியைத் துடைத்துக்கொண்டு, "அப்பா, இன்னா வெயிலு!" என்றார். ஒரு வருடத்துக்கு மேலாக நான் தமிழை வாய்விட்டுப் பேசியதில்லை. நாள்காட்டியைப் பார்த்து நானே எனக்குக் கிழமை சொல்லிக்கொள்வதோடு சரி. அந்த 'இன்னா'வைக் கேட்டதும், சொந்த அக்காவே எழுந்து வந்ததுபோல இருந்தது. அவர் பெயர் வசந்தா. கணவர் ராஜசேகர், மெல்போர்னில் இன்ஜினியர். இருவருக்கும் திருவள்ளூர். கெவினுக்கு ஒரே பெருமை. "மூன்று இந்தியர்கள்! உன் குடும்பமே வந்துவிட்டது!" என்று என்னை அவர்கள் பக்கத்திலேயே உட்கார வைத்தார். அதற்குப் பிறகு சாப்பாடு, படுக்கை, புகைப்படம் எதுவானாலும் எங்கள் மூவரையும் ஒரே கட்டாகக் கட்டித்தான் வைத்தார்.

அன்று மாலை அடுப்பைச் சுற்றி உட்கார்ந்திருந்தபோது ராஜசேகர் ஆரம்பித்தார்.

"நீ எந்தூரும்மா?"

"பெரியபாளையம் பக்கம் சார்."

"பக்கம்னா?"

"கும்முடிப்பூண்டி போற ரோட்டுல." ஊர்ப் பெயரைச் சொன்னேன்.

"அட, அங்க எங்க மாமனுக்கு மாந்தோப்பு கீது." ஒரு விறகைத் தீக்குள் தள்ளினார். பிறகு, வெயில் எப்படி என்று கேட்பதுபோல, "ஊரா, காலனியா?" என்றார்.

அந்தக் கடைசிச் சொல் மட்டும் கெவின் காதில் விழுந்துவிட்டது. "காலனியா? அட, இந்த நாடே காலனிதானே! என் கொள்ளுத் தாத்தா கைவிலங்கோடு கப்பலில் வந்து இறங்கியவர். ரொட்டி திருடிய கேஸ்!" என்று தொடையைத் தட்டினார். எல்லோரும் சிரித்தார்கள். திருடனின் கொள்ளுப்பேரன் என்பதை ஒருவர் நெருப்பு வெளிச்சத்தில் மார்தட்டிச் சொல்கிறார். எந்தத் திருட்டும் செய்யாத என் நைனாவின் தெருவைச் சொல்ல எனக்கு நாக்கு எழவில்லை. அந்தச் சிரிப்பின் மறைவில், "ஊர்தான் சார்" என்றேன்.

வசந்தாக்கா உடனே தன் பையிலிருந்து எலுமிச்சை ஊறுகாய் பாட்டிலை எடுத்து என் தட்டின் ஓரத்தில் வைத்தார்.

அந்தக் கேள்விக்கு என்ன விலை என்று என் நைனாவைக் கேட்டால் சொல்வார். அறுபதுகளில் அவர் ஊர்க்காரர் நிலத்தில் பண்ணையாள். ரோட்டோரத் தேநீர்க் கடையில் எங்களுக்கென்று நான்கு கிளாஸ்கள் கூரைக் கழியில் கவிழ்ந்து தொங்கும். எடுத்து, நாமே கழுவி நீட்டினால், மேலிருந்து ஊற்றுவார்கள். பிறகு கும்மிடிப்பூண்டியில் ஆலைகள் வந்தன. நைனாவுக்கு ஓர் இரும்பு ஆலையில் வேலை கிடைத்தது. முதல் நாள் காக்கிச் சட்டையோடு வீட்டுக்கு வந்து, "கேண்டீன்ல எல்லாரும் ஒரே பெஞ்சிம்மா, ஒரே தட்டு. ஊர்க்காரன் எனக்குச் சாம்பார் வாளிய தள்ளுறான்!" என்று ஏழெட்டு முறை சொன்னார். ஒரு வாரம் கழித்து, அதே ஆளை ஆலைக்கு வெளியே தேநீர்க் கடையில் பார்த்து நைனா சிரித்திருக்கிறார். அந்த ஆள் தன் மணிக்கட்டைத் திருப்பி நேரம் பார்த்தானாம். "அவன் கையில கடியாரமே இல்ல" என்றார் நைனா. நான் மிஷன் ஆஸ்பத்திரியில் நர்ஸ் படிப்புக்குப் போனதும், அங்கிருந்த ஆஸ்திரேலிய டாக்டரம்மாவின் கடிதத்தோடு இங்கே வந்ததும் அதற்குப் பிறகு நடந்தவை.

அந்தப் பொய்க்குப் பிறகு இரண்டு நாள் ராஜ வாழ்க்கை. வசந்தாக்கா எனக்குத் தலை பின்னிவிட்டார். மெல்போர்னில் கறிவேப்பிலை கிடைக்காத துயரத்தைச் சொல்லிச் சொல்லி இருவரும் சிரித்தோம். அவர் என்னை "சரோ" என்றார். அதற்கு விலையாக அவர் கணவரின் பேச்சைக் கேட்க வேண்டியிருந்தது. வண்டி மணலில் புதைந்தபோது எல்லோரும் இறங்கித் தள்ளினோம். அவர் மட்டும் நிழலில் நின்று, "சோழவரத்துல கார் ரேஸ் பாத்தவன் நானு. இப்டியா கியர் போடுவான்?" என்று விமரிசனம் செய்தார். பந்தயத்தைப் பார்த்ததற்கும் மணலைத் தள்ளுவதற்கும் என்ன சம்பந்தம் என்று கெவினுக்குப் புரியவில்லை, எனக்கும்தான். அன்று மத்தியானம் அவர் கும்மிடிப்பூண்டி பக்கம் திரும்பினார். "அங்க இப்ப அறுவடைக்கி ஆள் கிடைக்கல. ஃபேக்டரி வந்து எல்லாம் கெட்டுப்போச்சி. அவனுங்க பேண்ட்டு மாட்டிக்கினு, சைக்கிள்ல மணி அடிச்சிக்கினு நம்ம எதுர்லயே போறானுங்க. பேஜாரு." என் நைனாவின் சைக்கிளில் மணி கிடையாது. அதைச் சொல்ல நினைத்தேன். ஊறுகாயைத் தொட்டுக்கொண்டு சும்மா இருந்தேன். என்னைப் பற்றி நான் நினைத்துக்கொண்டிருந்த நல்ல விஷயங்களில் பாதி அந்த மத்தியானத்தில் போயிற்று.

மூன்றாம் நாள், எங்கும் எதுவுமில்லாத இடத்தில் ஒரு தகரக் கூரைக் கடை. முன்னால் ஒரு பெட்ரோல் பம்பு. உள்ளே குளிர்ந்த பானம், தேநீர், இறைச்சி வடை மாதிரி ஒன்று. கெவின் டயரைப் பார்த்துக்கொண்டிருக்க, நாங்கள் மூவரும் முதலில் வாசலுக்குப் போனோம். கடைக்காரர் நிமிர்ந்து பார்த்தார். கட்டை விரலைத் தோளுக்கு மேல் வளைத்து, "பக்கவாட்டு ஜன்னலுக்குப் போ" என்றார்.

ராஜசேகருக்கு முதலில் புரியவில்லை. புரிந்ததும் முகம் கறுத்தது. "நான் இன்ஜினியர். இந்தியன்!" என்று கத்தினார்.

"இந்தியனா? இறகு வைத்துக்கொண்டு குதிரையில் வருவானே, அவனா?" என்று கடைக்காரர் உண்மையாகவே சந்தேகம் கேட்டார்.

இந்த வாக்குவாதம் நடக்கும்போதே என் கால்கள் பக்கவாட்டுக்குத் திரும்பிவிட்டன. நான் முடிவு செய்து போகவில்லை. அந்த மாதிரி ஒரு விரலைப் பார்த்தால் எந்தப் பக்கம் போக வேண்டும் என்று அவற்றுக்குத் தெரிந்திருந்தது. கடையின் பக்கச் சுவரில் ஒரு சின்ன ஜன்னல். அதன் கீழே கம்பியில் தகரக் குவளைகள் தொங்கின. மூன்று பெண்கள் நின்றிருந்தார்கள். இந்த மண்ணில் எல்லோருக்கும் முன்னால் இருந்தவர்கள், என்னைவிடக் கறுப்பு. இப்படிச் செய்யக் கூடாதென்று சட்டம் வந்துவிட்டதாகப் பிறகு கெவின் சொன்னார். ஜன்னலுக்கு அந்தச் செய்தி எட்டவில்லை போலிருக்கிறது. எங்களூர் கூரைக் கழிக்கும் எட்டியதில்லை. பூப்போட்ட கவுன் அணிந்த ஒரு பெண் நகர்ந்து எனக்கு நிழலில் இடம் விட்டார். ஏதோ மெதுவாகக் கேட்டார். எனக்குப் புரியவில்லை. கண் கலங்கியது. ஏதோ ஒரு பெரிய உறவு கிடைத்துவிட்டது என்று நினைத்து அவர் கையைப் பிடித்தேன். அவர் கேட்டது சிகரெட் இருக்கிறதா என்று. பிறகு அங்கே வந்த கெவின் சொல்லித்தான் தெரிந்தது.

தகரக் குவளையில் தேநீர் வந்தபோது, வாசல் பக்கமிருந்து ராஜசேகர் தலையை நீட்டினார். கெவின் வந்து சமாதானம் பேசியிருக்கிறார். முகத்தில் பழைய வெளிச்சம் திரும்பியிருந்தது.

"சரோஜா, இன்னா அங்க நின்னுக்கினு? உள்ள வா. நமக்கு எடம் உள்ளயாம். அவன் தெரியாம சொல்ட்டான், பாவம்."

"இவங்களுக்கு?"

"இவங்களுக்கு இன்னா? அது இவங்க பழக்கம். நமக்கு இன்னாத்துக்கு அது?"

"நான் இங்கயே குடிக்கிறேன் சார். எனக்கும் பழக்கம்தான்."

"இன்னா சொல்ற நீ?"

"அன்னிக்கி கேட்டீங்களே சார். காலனிதான்."

அவர் கடிகாரத்தைக்கூடப் பார்க்கவில்லை. தலையை உள்ளே இழுத்துக்கொண்டார். கொஞ்ச நேரத்தில் அந்தச் சின்ன ஜன்னல் வழியாக வசந்தாக்காவின் முகம் தெரிந்தது. அவர் உள்ளே, நான் வெளியே. இருவர் கையிலும் தேநீர்.

மறுநாள் எல்லோருடைய தண்ணீர்க் குப்பிகளையும் நிரப்பி, தேநீர் போடும் முறை என்னுடையது. வரிசை கெவின் முதல் நாளே எழுதி ஒட்டியது. ராஜசேகர் தன் குப்பியை நீட்டவில்லை. தேநீரும் வேண்டாம் என்றார். "வயிறு சரியில்லை." மத்தியானம் வரை ஒரு சொட்டு குடிக்கவில்லை. அந்தப் பொட்டலில் தண்ணீர் குடிக்காமலிருப்பதைவிடப் பெரிய குற்றம் கெவினுக்குத் தெரியாது. வண்டியை நிறுத்தி, அவரை நிழலில் படுக்க வைத்து, "சிஸ்டர், உன் நோயாளி!" என்று என்னைக் கூப்பிட்டார்.

எல்லோரும் சுற்றி நின்றார்கள். மெல்போர்ன் கிழவி ஒருத்தி தொப்பியால் ஈ ஓட்டினாள். நான் மண்டியிட்டு அவர் மணிக்கட்டைப் பிடித்தேன். நாடி குதிரை போல ஓடியது. "நாக்க நீட்டுங்க சார்" என்றேன். நீட்டினார். காய்ந்து வெளுத்திருந்தது. "வயித்துல ஒண்ணும் இல்ல சார். தண்ணி குடிச்சா சரியாப் பூடும்."

குவளையைப் பிடித்தேன். அவர் கெவினைப் பார்த்தார், மனைவியைப் பார்த்தார், வானத்தைப் பார்த்தார். பிறகு குடித்தார். இரண்டு குவளை. கெவின் "நல்ல பையன்!" என்று தோளில் தட்ட, எல்லோரும் கைதட்டினார்கள். அவருக்கு அதற்குப் பிறகு எந்தக் கெடுதலும் நேரவில்லை என்பதை மருத்துவக் குறிப்பாக இங்கே பதிவு செய்கிறேன். எனக்குச் சந்தோஷமாக இருந்ததா என்றால், இருந்தது. ஆனால் அன்று முழுக்க என்னோடு யாரும் தமிழில் பேசவில்லை. சாயங்காலத்துக்குள் அந்தச் சந்தோஷம் தீர்ந்துவிட்டது.

கடைசி நாள், ஆலிஸ் ஸ்பிரிங்ஸ் ஊருக்கு வெளியே ஒரு கைப்பம்பில் நான் முகம் கழுவிக்கொண்டிருந்தபோது வசந்தாக்கா தனியாக வந்தார்.

"எங்கிட்ட மட்டும் மொதல்லயே சொல்லியிருக்கலாம் இல்ல, சரோ?"

"சொல்லியிருந்தா ஊறுகா வச்சிருப்பீங்களாக்கா?"

அவர் யோசித்தார். நிஜமாகவே யோசித்தார். "தெரியல" என்றார். அந்த ஒரு சொல்லுக்காக அவரை இன்றுவரை என்னால் வெறுக்க முடியவில்லை. பிறகு பாதி மிச்சமிருந்த பாட்டிலை என் கையில் வைத்துவிட்டுப் போனார். பிரியமாகக் கொடுத்தாரா, நான் கரண்டி விட்ட பாட்டில் வீட்டுக்கு வேண்டாம் என்று கொடுத்தாரா என்று கேட்க எனக்குத் தைரியமில்லை. சோற்றில் போட்டுச் சாப்பிட்டேன். நல்ல ஊறுகாய்.

கெவின் எடுத்த புகைப்படம் ஒரு மாதம் கழித்துத் தபாலில் வந்தது. வழக்கம்போல இந்தியர்களை நடுவில் சேர்த்து நிற்க வைத்திருந்தார். ராஜசேகர் எப்படியோ ஓர் ஓரத்துக்கு நகர்ந்துவிட்டார். வசந்தாக்கா நகரவில்லை. அதை நைனாவுக்கு அனுப்பினேன். பக்கத்து வீட்டுப் பெண்ணை எழுதச் சொல்லி அவர் பதில் போட்டிருந்தார்: "போட்டோவுல உன் பக்கத்துல பொடவ கட்டிக்கினு நிக்கிற அம்மா நம்மாளுங்களா? லச்சணமா கீறாங்க. அவ்ளோ தூரத்துல நம்மாளு ஒருத்தர் இருந்தா எனக்கு நிம்மதி."

நீலத் தபால் தாளை விரித்து "ஆமாம் நைனா" என்று எழுதினேன். பொய்யாகப் பட்டது, அடித்தேன். "இல்ல நைனா" என்று எழுதினேன். புகைப்படத்தை இன்னொரு முறை பார்த்தேன். எங்கள் இருவர் தோளும் ஒட்டிக்கொண்டிருந்தன. அதையும் அடித்தேன். கடைசியில், "இங்கயும் வெயில் நம்மூர் மாதிரிதான்" என்று எழுதித் தாளை மடித்து ஒட்டினேன். 'நம்மூர்' என்று எழுதும்போது மட்டும் பேனா கொஞ்ச நேரம் நின்றது.