சிவப்பு நூல் கட்டிய டம்ளர்

நேற்றுக் காலை குழாயடி வரிசையில் நின்றபோது செய்தி வந்தது. மாட்டுங்கா டாக்டர் கோமதி அம்மாள் காலமாகிவிட்டார்கள். குடத்தை வைத்துவிட்டு அங்கேயே உட்கார்ந்துவிட்டேன். "ஏட்டி, ஒன் மொறை வந்துட்டு, புடி!" என்று பின்னால் நின்றவள் கத்தினாள். தண்ணீர் கிடக்கட்டும், சனியன். இன்று என் பிள்ளை என் வீட்டில் வளர்கிறான் என்றால் அது அந்த அம்மாள் செய்த காரியம். அவர்களை அறியாதவர்களுக்காகவும் இதை எழுதுகிறேன்.

சீனாச் சண்டை நடந்த வருஷம். பம்பாயில், தாராவித் தோல் கிடங்கில் வேலை பார்த்த என் வீட்டுக்காரருக்கு இருமல் விடவே இல்லை. மூச்சு விசிலடித்தது, உடம்பு இளைத்துக்கொண்டே போனது. எக்ஸ்ரேயில் நெஞ்சு முழுக்கப் பொட்டுப் பொட்டாகத் தெரிந்தது. டாக்டரம்மா டி.பி. என்று சொல்லி ஊசியை ஆரம்பித்தார்கள். "குழந்தையைப் பக்கத்துல விடாதே" என்றும் சொன்னார்கள்.

டி.பி. என்றால் எங்கள் சந்தில் என்ன நடக்கும் என்று சொல்லவா வேண்டும்? அவர் டம்ளர் மற்றவற்றோடு கலந்துவிடாதிருக்க அதில் சிவப்பு நூல் கட்டி வைத்தோம். பால் குடிக்கிற பிள்ளையைப் பாண்டுப்பிலிருந்து வந்த நாத்தனார் தூக்கிக்கொண்டு போய்விட்டார். பால் கட்டிக்கொண்டு நான் அழுத அழுகை சந்துக்கே தெரியும்.

ஊசி போட்டும் இருமல் குறையவில்லை. "பிள்ளைய இனி நானே வளத்துக்கிடுதேன், நீ என் தம்பிய ஊருக்குக் கூட்டிட்டுப் போயிரு" என்று நாத்தனார் சொல்லியனுப்பினார். டாக்டரம்மாவிடம் போய் அழுதேன். வீட்டுக்காரரை அழைத்துவரச் சொன்னார்கள். அவர் விரலில் குத்தி, ரத்தத்தைக் கண்ணாடியில் தேய்த்து, சாயம் ஊற்றி, மைக்ராஸ்கோப்பில் குனிந்தார்கள். வெகுநேரம் நிமிரவே இல்லை. பிறகு என்னையும் பார்க்கச் சொன்னார்கள். உள்ளே கேசரி ரவை மாதிரிப் பொடிப் பொடியாக, ஆரஞ்சு நிறம்.

"இதுக்குப் பேர் இயோசினோஃபில். ரத்தத்துல இருக்கற வெள்ளை அணுக்கள்ல ஒரு வகை. எல்லார் உடம்புலயும் கொஞ்சம் இருக்கும். புழு உள்ள வந்தா எதிர்த்து நிக்கறது இதுதான். கொசு கடிச்சு ஏதோ புழு உள்ள போயிருக்கு, இது கூட்டம் கூட்டமா கிளம்பிடுத்து. நல்லது செய்ய வந்ததுதான். ஆனா எல்லாமா நெஞ்சுல போய் அடைச்சுண்டா மனுஷன் எப்படி மூச்சு விடுவான்? காலம்பற தாதர் ரயில்ல கூட்டம் அடைச்சுக்கற மாதிரிதான்."

"அப்ப டி.பி.?"

"இல்லைம்மா. இது யாருக்கும் ஒட்டாது. ரத்தத்தை முதல்லயே பார்த்திருக்கணும். நான் தப்புப் பண்ணிட்டேன்."

ஊசி நின்றது. மாத்திரை தொடங்கி, கொஞ்ச நாளில் இருமல் அடங்கியது. சந்து நம்ப வேண்டுமே! "டாக்டரம்மா ஆறுதலுக்குச் சொல்லுதாவ" என்றார்கள். நாத்தனாரும் பிள்ளையைத் தரவில்லை.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை, புடவையைத் தூக்கிப் பிடித்துச் சாக்கடையைத் தாண்டி டாக்டரம்மாவே வந்து நின்றார்கள். என் வீட்டுக்காரர் பதறி எழுந்தார். கையில் நூல் கட்டிய டம்ளரில் பாதி டீ. அதை வாங்கிக்கொண்டார்கள்.

"யாத்தே! அது அவுக எச்சில், டாக்டரம்மா!" என்று கத்தினேன்.

"தெரியும்" என்று சொல்லி, எல்லோரும் பார்க்க, மிச்ச டீயைக் குடித்து முடித்தார்கள். "தப்பு என்னோடது. இவருக்கு டி.பி. இல்லை" என்று உரக்கச் சொன்னார்கள். நூலை அறுத்துப் போட்டுவிட்டு என் பக்கம் திரும்பினார்கள். "கிளம்பு, பாண்டுப்புக்குப் போலாம்."

நாத்தனார் வாசலிலும் அதே பேச்சுதான். "நான்தான் தப்பாச் சொன்னேன். குழந்தையை அம்மாகிட்ட குடுங்கோ." நாத்தனார் கொடுத்துவிட்டார். திரும்பும் ரயிலில் பிள்ளை என் மார்பில் முட்டினான். கூட்டத்துக்கு மறைவாக டாக்டரம்மா முன்னால் நின்றுகொண்டார்கள். என்ன மனசு அது!

இன்று காலை அதே டம்ளரில் டீ ஊற்றினேன். வீட்டுக்காரர் ஒரு வாய், நான் ஒரு வாய். மிச்சத்தைப் பிள்ளை பிடுங்கிக் குடித்துவிட்டுப் பள்ளிக்கூடத்துக்கு ஓடினான். நிம்மதியாகப் போய் வாருங்கள், டாக்டரம்மா.