அண்ணி சாலை கடக்கப் பழகியது

கல்கத்தாவின் கார்டன் ரீச் சாலையை அண்ணி கடந்தாள். எதிர்ப்பக்க நடைபாதையில் ஒரு கணம் நின்றாள். பிறகு திரும்பி என்னிடமே வந்தாள். முகத்தில் பயமும் இல்லை, பெருமையும் இல்லை. "இன்னொரு தடவை" என்று சொல்லிவிட்டு மறுபடியும் சாலையில் இறங்கினாள். துறைமுகத்துக்குச் சரக்கு ஏற்றிப்போகும் லாரிகள் ஞாயிற்றுக்கிழமையிலும் புழுதி கிளப்பிக்கொண்டு ஓடின. இரண்டு பெண்களில் ஒருத்தி நின்று பார்க்க, இன்னொருத்தி காரணமே இல்லாமல் சாலையைக் கடந்து கடந்து திரும்புவது அங்கிருந்த தேநீர்க்கடைக்காரருக்கு விசித்திரமாக இருந்திருக்கும். அது எழுபதுகளின் நடுப்பகுதி. என் அண்ணன் இறந்து சில மாதங்கள்தான் ஆகியிருந்தன.

அண்ணன் ரயில்வே தலைமை அலுவலகத்தில் குமாஸ்தா. அப்பாவும் அம்மாவும் போன பிறகு என்னைத் திருச்சியிலிருந்து அழைத்துவந்து கல்கத்தாவில் கல்லூரியில் சேர்த்தவன் அவன்தான். மஞ்சள் காமாலை அவனைக் கொண்டுபோயிற்று. அழுததெல்லாம் நான். அண்ணி அழவே இல்லை. அரிசியைக் களைந்து வைத்துவிட்டு, உலை வைக்க மறந்து, அடுக்களைச் சுவரில் சாய்ந்து உட்கார்ந்திருப்பாள். கூப்பிட்டால் "ம்" என்பாள். அவர்களுக்குக் குழந்தையும் இல்லை. வாழ்க்கையில் பிடிப்பு என்று அவளிடம் காட்ட அந்த வீட்டில் எதுவும் இருக்கவில்லை.

அந்த நேரத்தில்தான் கருணை அடிப்படையில் அவளுக்கு அதே அலுவலகத்தில் வேலை தருவதாக உத்தரவு வந்தது. குறித்த நாளில் போய்ச் சேர வேண்டும். சேராவிட்டால் குவார்ட்டர்ஸைக் காலி செய்துவிட்டுத் திருச்சிக்குப் போக வேண்டியதுதான். என் படிப்பும் பாதியில் நின்றுபோகும். நான் அதை வாய்விட்டுச் சொல்லவில்லை, அவளும் கேட்கவில்லை. அவளைக் கூட்டிப்போக அவளுடைய அண்ணன் ஊரிலிருந்து வந்திறங்கினார். நல்ல மனிதர். தங்கை மேல் இருந்த பிரியத்தில்தான் அப்படிப் பேசினார்.

"இந்த ஊர்ல நீ வேலைக்குப் போறதா? கல்யாணம் ஆகி வந்த நாள்லேருந்து தனியா ஒரு ரோட்டைக்கூடத் தாண்டினதில்ல நீ. மாப்பிள்ளை கையைப் பிடிச்சுக்கிட்டுத்தானே போவ?"

"ஆமாண்ணே, தாண்டினதில்ல" என்றாள் அண்ணி. குரலில் கோபம் எதுவும் இல்லை. அதைச் சம்மதமாக எடுத்துக்கொண்டு அவர் மூன்று பேருக்கும் ரயில் டிக்கெட் எடுத்து வந்தார். மறுநாள் காலை அண்ணி செருப்பைப் போட்டுக்கொண்டு என் கட்டிலருகே நின்றாள். "வாம்மா, ரோடு தாண்டிப் பாத்துட்டு வருவோம்."

திரும்பி வரும் வழியில் நான் கேட்டேன். "வேலைக்குப் போகணும்னு ஆசையா இருக்கா அண்ணி?"

"ஆசையா? எனக்கு எதுலயுமே ஆசை இல்ல. மனசு எப்பக் கிளம்புதோ அப்பக் கிளம்பட்டும். வேண்டியதெல்லாம் தயாரா இருந்தா, மனசு வராட்டாலும் உடம்பு பாட்டுக்கு வேலைக்குப் போயிடும்."

அதன் பிறகு அவள் செய்ததெல்லாம் அந்த உடம்புக்கான ஏற்பாடுகள். விடுமுறை நாளில் அலுவலக வாசல் வரை நடந்தோம். பெண்களுக்குக் கழிப்பறை எந்தப் பக்கம் இருக்கிறது என்று காவலாளியிடம் என்னைக் கேட்கச் சொன்னாள். தரையில் உட்கார்ந்தே பழகியவள், வீட்டில் அண்ணனின் நாற்காலியில் காலையிலிருந்து மதியம் வரை முதுகு நிமிர்த்தி உட்கார்ந்து பார்த்தாள். எதிரே சுவர்தான் இருந்தது. பக்கத்து வீட்டு வங்காளிப் பெண்மணியை நாங்கள் 'பௌதி' என்போம். அவர்கள் மொழியில் அதுவும் அண்ணிதான். அந்தப் பௌதியிடம் போய் அலுவலகத்தில் சொல்வதற்கு ஒரு வாக்கியம் கேட்டாள். பௌதி சொல்லித் தந்தார். "ஆமி நோதுன். எக்டு தேகியே தேபேன்?" நான் புதியவள், கொஞ்சம் காட்டித் தருகிறீர்களா? அண்ணி அதையே திருப்பித் திருப்பிச் சொன்னாள். கேட்டுக்கொண்டிருந்த பௌதி முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டு உள்ளே போய்விட்டார். அண்ணி நிறுத்தவில்லை. யாருமில்லாத வாசலைப் பார்த்து, "ஆமி நோதுன்" என்று சொல்லிக்கொண்டிருந்தாள்.

வேலையில் சேர வேண்டிய நாளன்று விடிவதற்கு முன்பே மழை பிடித்துக்கொண்டது. கல்கத்தா மழை. காலையில் காலனி வாசலில் முழங்காலளவு தண்ணீர். "பாத்தியா, வானமே வேண்டாங்குது" என்றார் அவளுடைய அண்ணன்.

"ஆடி மாசம், மழை வரும்னு தெரியும்ணே." உலர்ந்த புடவை ஒன்றை முந்தின நாளே பிளாஸ்டிக் பையில் சுருட்டி வைத்திருந்தாள். அதைத் தோளில் மாட்டிக்கொண்டு தண்ணீரில் இறங்கினாள். நானும் கூடவே போனேன். நாங்கள் பழகிய சாலையைக் காணவில்லை. பழுப்புத் தண்ணீர்தான் ஓடிக்கொண்டிருந்தது. நடைபாதை எங்கே முடிகிறது, மூடியில்லாத சாக்கடை எங்கே இருக்கிறது என்பதெல்லாம் அவள் காலுக்குத் தெரிந்திருந்தது. ஒரு லாரி போனது. அது கிளப்பிய அலை எங்கள் இடுப்பு வரை வந்து அடித்தது. அலை அடங்கும்வரை நின்றுவிட்டுக் கடந்தாள். நான் இந்தப் பக்கமே நின்றுவிட்டேன். அவள் திரும்பிப் பார்க்கவில்லை.

சாயங்காலம் அவள் வரும்போது மழை விட்டிருந்தது. அவளுடைய அண்ணன் வாசலிலேயே காத்திருந்தார். "எப்படிம்மா இருந்துச்சு?"

"நாற்காலி ரொம்ப உயரம்ணே. காலு தரையில எட்டல. நாளைக்கு ஒரு பலகை எடுத்துட்டுப் போகணும்."

அவர் என்னைப் பார்த்தார். நானும் அவரைப் பார்த்தேன். என் அண்ணன் போன பிறகு அவள் வாயிலிருந்து 'நாளைக்கு' என்ற சொல்லை நாங்கள் கேட்டதே இல்லை. அவர் பரணில் ஏறி, உடைந்த பெட்டி ஒன்றின் பலகையைக் கழற்றி எடுத்து, ஆணிகளைப் பிடுங்கித் தந்தார். எங்கள் இருவர் டிக்கெட்டையும் ரத்து செய்துவிட்டுத் தனியாகவே ஊருக்குப் போனார்.

அண்ணி ஓய்வு பெறும்வரை அங்கேதான் வேலை பார்த்தாள். என்னைப் படிக்க வைத்தாள், கல்யாணம் செய்து கொடுத்தாள். மன உறுதி, வைராக்கியம் என்று சொந்தக்காரர்கள் ஏதேதோ சொல்லிப் புகழ்வார்கள். அவள் மறுத்துப் பேசமாட்டாள். எழுந்துபோய்க் காபி கலப்பாள். ஒருமுறை நான் நேராகவே கேட்டேன். "எப்ப அண்ணி உங்களுக்குச் சரியாச்சு?"

அவள் காபி டம்ளரைக் கழுவிக் கவிழ்த்தாள். "சரியாச்சுன்னு சொல்ல முடியாது. அடுத்த நாளுக்கு என்ன வேணும்னு பாத்துக்கிட்டே இருந்தேன். நடுவுல எங்கேயோ வேலை பிடிச்சுப்போச்சு. எந்த வருஷம்னு கேட்டா தெரியல."

இப்போது அண்ணி இல்லை. இந்தக் குளிர்காலத்தில் என் கணவரும் போய்விட்டார். நான் கல்கத்தாவிலேயே, நியூ டவுனில், உயரமான கட்டடத்தின் ஒரு தளத்தில் இருக்கிறேன். கண் மருத்துவமனைக்குத் திங்கட்கிழமை போக வேண்டும். வெளியூரிலிருக்கும் மகன், தானே வண்டி பதிவு செய்து அனுப்புவதாகப் போனில் சொன்னான். வேண்டாம் என்றேன். எனக்குப் போகவே மனமில்லை என்பதை அவனிடம் சொல்லவில்லை. இன்று மதியம் எதிர் வீட்டுப் பெண்ணிடம் கேட்டுக்கொண்டு, செல்போனில் நானே ஒரு வாடகைக் கார் வரவழைத்துக் கடைத்தெரு வரை போனேன். இறங்கியதும் அங்கேயே நின்று, திரும்பி வர இன்னொரு வண்டிக்காகச் செல்போனில் பொத்தான்களைத் தேடினேன். வந்த வண்டியின் ஓட்டுநர் ஜன்னல் வழியாக எட்டிப் பார்த்தார்.

"மாஷிமா, எதுவும் வாங்கலியா? உடனே திரும்புறீங்களா?" என்று, சித்தியை அழைப்பதுபோல் அழைத்து, வங்காள மொழியில் கேட்டார்.

"ஆமாம். இன்னிக்குப் பழகத்தான் வந்தேன்" என்றேன்.

அவர் தலையசைத்துவிட்டுப் போனார். நெஞ்சுக்குள் ஒன்றும் அசையவில்லை. அடுத்த வண்டி வந்தது, ஏறிக்கொண்டேன்.